பயப்படும் நாயைச் சீவுவதும் குளிப்பாட்டுவதும் நகம் வெட்டுவதும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சீப்பை எடுத்தால் கட்டிலுக்கு அடியில் ஓடும் நாய், நகவெட்டியைப் பார்த்ததும் நடுங்கும் நாய், தண்ணீர் விழும் சத்தத்துக்கே கதவைப் பிறாண்டும் நாய். இப்படிப்பட்ட நாய்களை வளர்ப்பவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளுக்குத்தான் இங்கே பதில்கள். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் படிக்க வேண்டியதில்லை. ஆனால் உங்கள் அவசரம் நகமோ குளியலோ எதுவானாலும், முதல் நான்கு பதில்களைத் தாண்டிப் போகாதீர்கள்.

என் நாய் வீட்டில் எல்லோரிடமும் கொஞ்சும். சீப்பை எடுத்தால் மட்டும் ஏன் இப்படி?

நாம் கொஞ்சுவதும் சீவுவதும் நாய்க்கு முற்றிலும் வேறு அனுபவங்கள். கொஞ்சும்போது பிடிக்கவில்லை என்றால் எழுந்து போய்விடலாம். சீவும்போது யாரோ ஒருவர் மேலே குனிந்து நிற்கிறார், காலைப் பிடித்து இழுக்கிறார், எப்போது விடுவார் என்றே தெரியவில்லை. அதோடு முன்பு ஒரு முறை சிக்கு இழுபட்டு வலித்திருந்தாலோ, நகத்தோடு சதையும் வெட்டுப்பட்டிருந்தாலோ, அந்த ஒரு முறையே போதும். பொருளையும் இடத்தையும் அதில் வந்த வலியையும் நாய் சேர்த்து நினைவில் வைத்துக்கொள்ளும்.

சில நாய்களுக்குக் கெட்ட அனுபவமே இருக்காது, பழக்கம்தான் இருக்காது. குட்டியாக இருந்தபோது யாரும் அதன் பாதத்தையோ காதையோ வாயையோ தொட்டுப் பழக்கியிருக்க மாட்டார்கள். மீட்டு எடுத்து வளர்க்கும் நாய்களிடம் இரண்டுமே கலந்திருப்பது உண்டு. எது காரணம் என்று உறுதியாகத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, செய்ய வேண்டியது ஒன்றுதான்.

பயப்படுகிறதா, அடம்பிடிக்கிறதா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

அடம் என்ற சொல்லையே இந்த விஷயத்தில் விட்டுவிடுங்கள் என்பேன். நாய் ஓடுகிறது, திமிறுகிறது, கையை வாயால் பிடிக்கிறது என்றால் அதற்கு அசௌகரியம் இருக்கிறது, அவ்வளவுதான்.

நடுக்கமும் வாலை இடுக்கிக்கொள்வதும் எல்லோர் கண்ணிலும் படும். அதற்கு வெகு முன்பே வரும் சின்ன அறிகுறிகளைத்தான் தவறவிடுகிறோம். சாப்பாடு எதுவும் இல்லாதபோது உதட்டையும் மூக்கையும் நக்கிக்கொள்வது, தூக்கம் வராமலேயே கொட்டாவி விடுவது, முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொள்வது, கண்ணின் வெள்ளை தெரியும்படி ஓரக்கண்ணால் பார்ப்பது, காதைப் பின்னால் மடக்குவது, வெயிலோ ஓட்டமோ இல்லாமல் மூச்சிரைப்பது, ஒரு முன்னங்காலை லேசாகத் தூக்கி வைத்திருப்பது. இவற்றில் ஒன்றைப் பார்த்தாலே கையை எடுத்துவிடுங்கள்.

மிக முக்கியமான அறிகுறி ஒன்று உண்டு: சிலையாக உறைந்து நிற்பது. 'பாருங்கள், எவ்வளவு அழகாக நிற்கிறது' என்று நாம் மகிழும் நேரத்தில் உள்ளுக்குள் அது பயத்தின் உச்சத்தில் இருக்கலாம். உடல் விறைத்து, வாய் இறுக மூடி, கண் ஒரே இடத்தில் நிலைத்திருந்தால் அது அமைதியின் அடையாளமே கிடையாது. கடி பெரும்பாலும் இந்த உறைநிலைக்கு அடுத்த நொடியில்தான் வருகிறது.

இரண்டு பேர் அமுக்கிப் பிடித்து ஒரே தடவையில் முடித்துவிட்டால் பழகிவிடாதா?

வேலை முடியும், பயம் போகாது. அடுத்த முறை நாய் இன்னும் சீக்கிரமாக, இன்னும் கடுமையாக எதிர்க்கும். சில நாய்கள் எதிர்ப்பதை அடியோடு நிறுத்திவிடும். அதைப் பழகிவிட்டது என்று எடுத்துக்கொள்வது பெரிய தவறு.

1967-இல் அமெரிக்காவில் உளவியலாளர்கள் மார்ட்டின் செலிக்மனும் ஸ்டீவன் மையரும் நாய்களை வைத்துச் செய்த சோதனைகளின் முடிவுகள் வெளியாயின. படிக்கவே மனதுக்குக் கஷ்டமான சோதனைகள் அவை. தப்பிக்கவே முடியாத மின்னதிர்ச்சிக்கு உள்ளான நாய்களில் பல, பிறகு தப்பிக்க வழி இருந்தபோதும் முயற்சி செய்யாமல் அப்படியே படுத்துவிட்டன. என்ன செய்தாலும் பயனில்லை என்று அவை கற்றுக்கொண்டன என்பது அவர்கள் அப்போது தந்த விளக்கம். அமுக்கிப் பிடித்த கைகளுக்குக் கீழே 'அடங்கிவிட்ட' நாயைப் பார்க்கும்போது இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

சரி, அப்படியென்றால் எங்கிருந்து ஆரம்பிப்பது?

நாய் பயப்படாத இடத்திலிருந்து. சீப்பு கையில் இருந்தாலே ஓடுகிறதா? அப்படியானால் சீவுவதை மறந்துவிடுங்கள். சீப்பு அறையின் அந்தக் கோடியில், தரையில் சும்மா கிடக்கட்டும். நாய் அதைப் பார்த்ததும் அதற்கு மிகவும் பிடித்த தீனியில் ஒரு துண்டு கொடுங்கள். நகக்கண் அளவு போதும். பார்க்கிறது, தீனி வருகிறது. மறுபடி பார்க்கிறது, மறுபடி வருகிறது. கொஞ்ச நேரத்தில் சீப்பைப் பார்த்துவிட்டு உங்கள் முகத்தை எதிர்பார்ப்போடு பார்க்கும். அந்தப் பார்வை வந்தால் அடுத்த படிக்குப் போகலாம்: சீப்பு பக்கத்தில், அப்புறம் உங்கள் கையில், அப்புறம் சீப்பின் பின்பக்கம் தோளில் ஒரு நொடி பட்டு விலகுவது, அப்புறம் ஒரே ஒரு இழுப்பு.

இதில் வரிசைதான் உயிர்நாடி. முதலில் சீப்பு, பிறகு தீனி. ரஷ்ய விஞ்ஞானி பாவ்லோவின் நாய்கள், உணவுக்கு முன்னால் வரும் ஓசையைக் கேட்டதுமே எச்சில் ஊறக் கற்றுக்கொண்டன என்று பள்ளியில் படித்திருப்போம். ஓசை முன்னால் வந்ததால்தான் அது உணவுக்கு அறிகுறியாக மாறியது. இங்கே பலர் வரிசையை மாற்றிவிடுகிறார்கள். தீனியைக் காட்டிக் கூப்பிட்டு, வந்ததும் பிடித்து நகம் வெட்டுகிறார்கள். அப்போது தீனியே ஆபத்துக்கு அறிகுறியாகிவிடும். பிறகு நீங்கள் எவ்வளவு நல்ல துண்டை நீட்டினாலும் நாய் சந்தேகத்தோடு பின்வாங்கும்.

இடம்: கழுத்திலும் தோளிலும் தொடங்குங்கள். பாதம், வால், வயிறு, பின்னங்கால், காது ஆகியவை கடைசியில். தலைக்கு மேல் குனிந்து நிற்காமல் பக்கவாட்டில் தரையில் உட்காருங்கள். நேரம்: ஒரு நிமிடம், அதிகம் போனால் மூன்று. நாய் 'இன்னும் வேண்டும்' என்று நிற்கும்போதே முடித்துவிடுங்கள்.

எவ்வளவு நாளில் சரியாகும்?

நாள் கணக்கு சொன்னால் அது உங்களை அவசரப்படுத்தும். பழக்கமில்லாமல் தயங்கும் நாய் சில வாரங்களிலேயே நன்றாக மாறலாம். வலியை நினைவில் வைத்திருக்கும் நாய்க்கு மாதங்கள் ஆகலாம். சில நாய்களுக்குச் சீப்பு பழகிவிடும், நகவெட்டி கடைசி வரை பிடிக்காமலே இருக்கும். அதுவும் வாழக்கூடிய நிலைதான்.

முன்னேற்றம் நேர்கோட்டில் போகாது. காலையில் பக்கத்தில் வெடிச்சத்தம் கேட்டிருக்கும், மத்தியானம் விருந்தாளி வந்திருப்பார், மாலையில் நீங்கள் சீப்பை எடுத்ததும் நாய் உறுமும். நேற்று ஒன்றும் செய்யவில்லையே என்று தோன்றும். சின்னச் சின்னப் பதற்றங்கள் ஒரே நாளில் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்ந்துவிட்டன, அதுதான் காரணம். அப்படிப்பட்ட நாளில் பயிற்சியே வேண்டாம்.

நாயிடம் சம்மதம் கேட்க முடியும் என்கிறார்களே, அது நடக்கிற காரியமா?

நடக்கும். என்னைக் கேட்டால், பயந்த நாய்க்கு நாம் செய்யக்கூடியதிலேயே மதிப்புள்ள காரியம் இதுதான்.

மடித்த துண்டு ஒன்றைத் தரையிலோ தாழ்வான நாற்காலியிலோ வையுங்கள். நாய் அதன்மேல் தாடையை வைத்தால் தீனி. தானாக வந்து தாடையை வைத்துச் சில நொடிகள் இருக்கும்வரை இதை மட்டுமே விளையாட்டாகச் செய்யுங்கள். பிறகு, தாடை துண்டின்மேல் இருக்கும்போது உங்கள் கை தோளை நோக்கி நகரட்டும். தாடையை எடுத்துவிட்டதா? கையும் உடனே விலக வேண்டும். திட்டுவதோ மறுபடி கூப்பிடுவதோ கூடாது, காத்திருங்கள். அது மீண்டும் தாடையை வைத்தால் நீங்களும் மீண்டும் தொடங்கலாம்.

சில நாட்களில் நாய்க்கு ஒரு விஷயம் புரிந்துவிடும்: நிறுத்தும் உரிமை தன்னிடம் இருக்கிறது. புரிந்த பிறகு, விந்தையாகத் தோன்றும், நிறுத்துவதே குறைந்துவிடும். எழுந்து போக முடியும் என்று தெரிந்த நாய் இருந்து பார்க்கத் துணிகிறது.

ஒரே நிபந்தனை. விதியை நீங்கள் மீறக்கூடாது. 'இன்னும் ஒரே ஒரு நகம்தானே' என்று தாடை எடுத்த பிறகும் வெட்டினால், வாரக்கணக்கில் சேர்த்த நம்பிக்கை அந்த ஒரு நகத்தோடு போய்விடும். மருந்து போடுவது மாதிரித் தவிர்க்க முடியாத வேலை வந்தால், அந்தத் துண்டை எடுக்காதீர்கள். வேறு அறையில், வேறு முறையில் செய்யுங்கள். துண்டு விரித்தால் உரிமை உண்டு என்பது நாயின் மனதில் கலங்காமல் இருக்கட்டும்.

நகம் வெட்டுவதுதான் பெரும் போராட்டம். என்ன செய்யலாம்?

நகத்துக்குள்ளே ரத்தக்குழாயும் நரம்பும் உள்ள மென்சதை இருக்கிறது. வெட்டினால் நன்றாகவே வலிக்கும். வெள்ளை நகத்தில் அது இளஞ்சிவப்பாகத் தெரியும். கறுப்பு நகத்தில் வெளியிலிருந்து தெரியாது. அதனால் கறுப்பு நகத்தை அரிசி அளவுகூட இல்லாத மெல்லிய சீவல்களாக எடுத்து, ஒவ்வொரு முறையும் வெட்டுமுகத்தைப் பாருங்கள். நடுவில் ஒரு புள்ளி தெரியத் தொடங்கினால் அதோடு நிறுத்த வேண்டும்.

ஒரே நாளில் எல்லா நகத்தையும் வெட்ட வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. இன்று ஒரு நகம், நாளை மறுநாள் இன்னொன்று. பயந்த நாய்க்கு இதைவிட நல்ல திட்டம் எனக்குத் தெரியாது. நீண்டுபோன நகத்தில் உள்ளே இருக்கும் சதையும் சேர்ந்து நீண்டிருக்கும். ஆகவே ஒரேயடியாகக் குட்டையாக்க முடியாது. நுனியை மட்டும் அடிக்கடி எடுத்துக்கொண்டே வந்தால் சதை மெல்லப் பின்வாங்கும்.

பழக்கும் வரிசையில் சத்தத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 'டக்' என்ற அந்த ஓசையே பல நாய்களுக்குப் பயம். வேகாத நூடுல்ஸ் குச்சியை நகவெட்டியால் வெட்டி, ஒவ்வொரு ஓசைக்கும் பின்னால் தீனி கொடுக்கலாம். பாதத்தைப் பிடித்துப் பழக்குவது தனிப் பயிற்சி: தோளில் தொடங்கி முழங்கை, மணிக்கட்டு, பாதம், ஒரு விரல் என்று பல நாட்களில் கீழே இறங்குங்கள்.

இன்னொரு வழி, நாயே தன் நகத்தைத் தேய்த்துக்கொள்வது. ஒரு பலகையில் உப்புத்தாள் ஒட்டிச் சாய்வாகப் பிடித்து, அதைப் பிறாண்டக் கற்றுக்கொடுக்கலாம். முன்னங்கால் நகங்களுக்கு இது நன்றாக வேலை செய்யும். பாதத்தைத் தொடவே விடாத நாய்க்குப் பெரிய வரம். காலின் உள்பக்கம் மேலே இருக்கும் ஒட்டு நகம் மட்டும் பலகையில் தேயாது. அது வளைந்து வளர்ந்து தோலுக்குள் குத்திவிடக்கூடும் என்பதால் தனியாகக் கவனியுங்கள்.

ரத்தம் வந்துவிட்டால் பதறாதீர்கள். ரத்தம் நிறுத்தும் பவுடரையோ மக்காச்சோள மாவையோ (கார்ன்ஃப்ளார்) நுனியில் அழுத்தி, சில நிமிடங்கள் பிடியுங்கள். நிற்கவே இல்லை என்றால் கால்நடை மருத்துவரிடம் போக வேண்டும். அடுத்த சில நாட்களுக்கு நகவெட்டிக்கு விடுமுறை, பிறகு இரண்டு படி பின்னாலிருந்து தொடக்கம்.

குளியலறை வாசலிலேயே படுத்துவிடுகிறது.

பல நாய்களுக்குப் பிரச்சினை தண்ணீரைவிடத் தரையில்தான். வழுக்கும் தரையில் கால் நிலைகொள்ளாதபோது எந்த நாயும் நிம்மதியாக நிற்காது. முதல் வேலையாக ரப்பர் விரிப்பு ஒன்றைப் போடுங்கள். இதை மட்டும் செய்தே பாதிப் பயம் குறைந்த நாய்களைப் பார்த்திருக்கிறேன்.

அடுத்து, குளிக்காத நாட்களிலும் அங்கே நல்லது நடக்கட்டும். உலர்ந்த தரையில் சாப்பாட்டுத் தட்டை வையுங்கள், விளையாடுங்கள், திரும்பி வந்துவிடுங்கள். தண்ணீர் வெதுவெதுப்பாக இருக்கட்டும், சூடாக வேண்டாம். ஷவரை உயரத்திலிருந்து பீய்ச்சுவதற்குப் பதில் குவளையால் கால், முதுகு என்று மெதுவாக ஊற்றுங்கள். முகத்தில் ஊற்றவே வேண்டாம், ஈரத்துணியால் துடைத்தாலே போதும். நக்குவதற்கென்றே விற்கும் ரப்பர் தட்டில் தீனியைத் தடவிச் சுவரில் ஒட்டிவைத்தால் நாய் அதில் ஈடுபட்டிருக்கும். வேர்க்கடலை வெண்ணெய் தடவுவதானால் டப்பாவில் சைலிட்டால் என்ற இனிப்பு சேர்த்திருக்கிறார்களா என்று பார்த்துவிடுங்கள். நாய்க்கு அது கொடிய நஞ்சு.

மனிதர்களின் ஷாம்பூ வேண்டாம். நாயின் தோல் நம்முடையதைவிட அமிலத்தன்மை குறைந்தது, மெல்லியதும்கூட. எரிச்சல் தரும் ஷாம்பூவும் அடுத்த குளியலின் பயத்தை வளர்க்கும்.

டிரையர், டிரிம்மர் சத்தத்துக்கு நடுங்குகிறது.

நமக்கு 20,000 ஹெர்ட்ஸுக்கு மேல் காது கேட்காது. நாய்க்குச் சுமார் 45,000 வரை கேட்கும். நமக்கு வெறும் இரைச்சலாக இருக்கும் மெஷினில் நமக்குக் கேட்கவே கேட்காத கீச்சொலியும் அதற்குக் கேட்கலாம்.

வீட்டில் டிரையர் கட்டாயமில்லை. தண்ணீரை நன்றாக உறிஞ்சும் துண்டு இரண்டு இருந்தால் பெரும்பாலான நாய்களுக்குப் போதும். டிரையர் வேண்டியே ஆகும் அடர்ந்த முடி என்றால், வேறு அறையில் ஓடட்டும், இந்த அறையில் தீனி. பல நாட்களில் தூரத்தைக் குறைத்துக்கொண்டு வாருங்கள். பக் மாதிரி மூக்கு சப்பையான நாய்களுக்குச் சூடான காற்று ஆபத்து, அவற்றுக்கு உடல் எளிதில் சூடேறிவிடும். டிரிம்மரை முதலில் ஓடாமல் உடலில் வைத்துப் பழக்கி, பிறகு ஓடவிட்டுத் தள்ளி வைத்துப் பழக்கி, கடைசியில்தான் இரண்டையும் சேர்க்க வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும் டிரிம்மரின் பிளேடு சில நிமிடங்களில் சூடாகிவிடும். உங்கள் மணிக்கட்டின் உள்பக்கம் வைத்து அடிக்கடி பாருங்கள்.

முடி சிக்கிக் கட்டியாகிவிட்டது. குளிப்பாட்டினால் இளகுமா?

இளகாது, நனைந்து காய்ந்தால் இன்னும் இறுகும். குளியலுக்கு முன்பே சிக்கு எடுங்கள். சிக்குக்கும் தோலுக்கும் நடுவில் முடியை விரல்களால் இறுகப் பிடித்துக்கொண்டு, நுனியிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகப் பிரித்தால் தோல் இழுபடாது. கத்தரிக்கோலால் வெட்டவே கூடாது. சிக்குக்குள் தோல் கூடாரம் போல் மேலே இழுபட்டிருக்கும், முடி என்று நினைத்துத் தோலை வெட்டிவிடுவீர்கள்.

உடம்பில் பெரும்பகுதி சிக்காகிவிட்டால் பிரிக்க முயல்வதே கொடுமை. அனுபவமுள்ளவரிடம் கொடுத்து டிரிம்மரால் எடுத்துவிடுங்கள். முடி வளரும். சிக்குக்குப் பயந்து இரட்டை அடுக்கு முடியுள்ள (மேலே நீண்ட முடியும் அடியில் மென்முடியும் உள்ள) நாய்களை முன்கூட்டியே மழித்துவைக்கும் பழக்கம் மட்டும் வேண்டாம்.

உறுமினால் அதட்டலாமா?

கூடாது. உறுமல் நாய் நமக்குத் தரும் எச்சரிக்கை. அதட்டி உறுமலை நிறுத்திவிட்டால், அந்த நாய் அடுத்த முறை எச்சரிக்கை இல்லாமலே கடிக்கலாம். உறுமினால் கையை எடுங்கள், நிதானமாக விலகுங்கள், எந்தப் படியில் உறுமியது என்று குறித்துக்கொண்டு அதற்கு முந்தைய படியில் மறுநாள் தொடங்குங்கள்.

ஏற்கெனவே கடித்த நாய் என்றால் கூடை வடிவ வாய்க்கூடு பழக்குவது நல்லது. அதற்குள் நாய் வாயைத் திறந்து மூச்சிரைக்க முடியும், தண்ணீர் குடிக்க முடியும், தீனியும் வாங்கிக்கொள்ளும். வாயை இறுக்கிக் கட்டும் துணிவகை வேண்டாம். வாய்க்கூட்டையும் தீனியோடு மெல்லப் பழக்க வேண்டும். அதைப் போட்டுவிட்டோம், இனி எவ்வளவு வேண்டுமானாலும் அமுக்கலாம் என்று நினைக்காதீர்கள்.

பயப்படும்போது தடவிக்கொடுத்தால் பயம் கூடும் என்கிறார்களே?

அதிகமாகாது. பயம் என்பது உணர்ச்சி, ஆறுதல் சொல்வதால் அது வளராது. உங்கள் அருகில் வந்து ஒட்டிக்கொண்டால் தாராளமாக அணைத்துக்கொள்ளுங்கள். ஆனால் அது விலகிப் போனால் துரத்திச் சென்று கொஞ்ச வேண்டாம்.

தீனியையே தொட மறுக்கிறது.

அது பசியின்மை என்பதைவிடப் பதற்றமாக இருக்கவே வாய்ப்பு அதிகம். பயம் மிஞ்சினால் நாய் சாப்பிடாது. நீங்கள் படிகளைத் தாண்டி வந்துவிட்டீர்கள், பின்னால் போங்கள். தீனியின் மொத்த அளவையும் பார்த்துக்கொள்ளுங்கள்: அன்றாட உணவின் கலோரியில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் தீனியாகப் போகக்கூடாது. தினமும் பயிற்சி என்றால் வழக்கமான சாப்பாட்டிலிருந்தே ஒரு பங்கை எடுத்து வைக்கலாம்.

இத்தனை வருடம் ஒழுங்காக இருந்த நாய் இப்போது திடீரென்று தொடவிடுவதில்லை.

பயிற்சியைப் பற்றி யோசிக்காதீர்கள், மருத்துவரிடம் போங்கள். வலி இருக்கலாம். மூட்டுத் தேய்மானம், காதில் சீழ், பல்வலி, தோலில் புண், ஆசனவாய்ச் சுரப்பி வீக்கம் என்று எதுவாகவும் இருக்கலாம். வயதான நாய் பின்னங்காலைத் தூக்கவிடாதபோது பெரும்பாலும் அதன் இடுப்போ முழங்காலோ நோகிறது. அதற்கு நிற்கவைத்துச் சீவுவதே வேதனை, படுத்திருக்கும்போது செய்யுங்கள்.

மயக்க மாத்திரை கொடுத்துவிட்டுச் செய்தால் என்ன?

மருந்து வெட்கப்பட வேண்டிய விஷயம் கிடையாது. பயம் மிக அதிகமான நாய்க்கு அது பெரிய கருணை. டிராசடோன், கபாபென்டின் போன்றவற்றை மருத்துவர்கள் பதற்றத்தைக் குறைக்கத் தருவதுண்டு. ஆனால் மருந்தையும் அளவையும் மருத்துவர்தான் முடிவு செய்ய வேண்டும். மனிதர்களுக்கான கபாபென்டின் திரவத்தில் சிலவற்றில் சைலிட்டால் சேர்ந்திருக்கிறது என்பது ஒன்றே, வீட்டில் கிடப்பதைக் கொடுக்கக்கூடாது என்பதற்குப் போதுமான காரணம். அசிப்ரோமசின் என்ற பழைய மருந்தை மட்டும் தனியாகக் கொடுத்தால் உடல் தளரும், பயம் அப்படியே இருக்கும். இதை மருத்துவரிடம் தயங்காமல் கேளுங்கள். எந்த மருந்தையும் வேலை இல்லாத ஒரு நாளில் கொடுத்து, நாய் எப்படி இருக்கிறது என்று முதலில் பார்த்துவிடுவது நல்லது.

குட்டி நாய்க்கு எப்போது தொடங்குவது?

வீட்டுக்கு வந்த முதல் வாரத்திலேயே. பிறந்து சுமார் 3 வாரத்திலிருந்து 12, 14 வாரம் வரையான காலத்தில் குட்டி எதைச் சாதாரணம் என்று எடுத்துக்கொள்கிறதோ, அது வாழ்நாள் முழுவதும் உதவும். விரலைத் தொட்டுத் தீனி, காதைத் தூக்கிப் பார்த்துத் தீனி, உதட்டை விலக்கித் தீனி. தினம் ஒரு நிமிடம்.

க்ரூமரிடம் (நாய்களைச் சீவி, குளிப்பாட்டி, நகம் வெட்டிவிடுவதைத் தொழிலாகச் செய்பவரிடம்) கொண்டுபோக நினைக்கிறேன். எப்படி நல்லவரைத் தேர்ந்தெடுப்பது?

நேரடியாகக் கேளுங்கள்: நாய் பயந்தால் என்ன செய்வீர்கள்? 'நிறுத்திவிடுவோம், பாதியில் அனுப்பினாலும் அனுப்புவோம்' என்பவர் நல்லவர். 'எல்லா நாயும் எங்களிடம் அடங்கிவிடும்' என்பவரிடம் விடாதீர்கள். நீங்கள் கூடவே இருக்கலாமா, தீனி தரலாமா, முதல் முறை சும்மா வந்து மேஜையை மோந்து பார்த்துவிட்டுப் போகலாமா என்றும் கேளுங்கள். மேஜையில் கழுத்துக் கயிற்றோடு நாயைத் தனியே விட்டுவிட்டு நகரும் இடமா என்று உங்கள் கண்ணால் பாருங்கள். குதித்தால் கழுத்து மாட்டிக்கொள்ளும்.

உங்கள் நாய் எதற்குப் பயப்படும், எங்கே தொட்டால் உறுமும், முன்பு கடித்ததுண்டா என்பதையெல்லாம் மறைக்காமல் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். கூட்டமில்லாத நேரமாகப் பார்த்து, முதல் நாள் நகம் மட்டும் என்று கேட்டு வாங்குங்கள். முழு வேலைக்கான பணத்தைக் கொடுத்துவிட்டு இரண்டு நகத்தோடு திரும்பினாலும் பரவாயில்லை. அடுத்த முறை அந்த வாசலில் நாய் தானாக உள்ளே நுழைகிறதா என்று பாருங்கள், இந்த இடத்தைத் தொடரலாமா வேண்டாமா என்பது அப்போது தெரிந்துவிடும்.